சோதனைக் குறும்படங்களும் செவ்விலக்கியமும்: தழுவல் தாளுக்குப் படித்த முறை

திரைப்படக் கல்வியில், இலக்கியத்தைப் படமாக்கும் தழுவல் குறித்த தேர்வுத் தாளுக்குப் படிப்பவர்கள் பெரும்பாலும் முழுநீளப் படங்களையே எடுத்துக்கொள்கிறார்கள். நான் சோதனைக் குறும்படங்களைத் தேர்ந்தெடுத்தேன். அவற்றைத் திரும்பத் திரும்பப் பார்க்க முடிகிறது என்பதோடு, கதை முழுவதையும் சொல்ல இடமில்லாத நிலையில் இயக்குநர் எதைக் கைவிடுகிறார், எதைத் தக்கவைத்துக்கொள்கிறார் என்பதும் அவற்றில்தான் தெளிவாகப் புலப்படுகிறது.

மூலநூலுக்குப் படம் எவ்வளவு உண்மையாக இருக்கிறது என்ற கேள்வியோடு தொடங்கினால் விடை இரண்டு பத்திகளில் வற்றிவிடும். மாறாக, ஒரே கதையின் இரு வடிவங்களை அருகருகே வைத்துப் பாருங்கள். அமெரிக்க எழுத்தாளர் எட்கர் ஆலன் போ 1839இல் வெளியிட்ட அஷர் மாளிகையின் வீழ்ச்சி பற்றிய கதையை, 1928இல் அமெரிக்காவில் இயக்குநர்கள் வாட்சனும் வெப்பரும் ஏறத்தாழ 13 நிமிட மௌனப் படமாக்கினார்கள். கண்ணாடிப் பட்டகங்களால் பிம்பங்களைச் சிதறடித்து, கதையைவிட அதன் பித்தநிலையையே அவர்கள் காட்டினார்கள். செக் நாட்டு இயக்குநர் யான் ஷ்வாங்க்மயர் 1980இல் அதே கதையைக் குரலாக ஒலிக்கவிட்டு, நடிகர் எவருமின்றி, களிமண்ணையும் மரச்சாமான்களையும் சுவர்களையும் அசையவைத்தார். அந்த மாளிகையின் கற்களுக்கும் உணர்வுண்டு என்று போவின் கதையில் மாளிகைக்கு உரியவனான அஷர் நம்புகிறான் என்பதை மூலத்தில் கவனித்துப் படித்தவருக்கு, மனிதர்களை நீக்கிய இப்படம் அந்த நம்பிக்கையை எழுத்துக்கு எழுத்து ஏற்றுக்கொண்டிருப்பது விளங்கும். கதைச்சுருக்கத்தை மட்டும் படித்தவருக்கு இவ்வாதம் கைக்கு எட்டாது.

படம் எந்தப் பொருளால் செய்யப்பட்டது என்பதைப் பற்றி எழுதத் தயங்க வேண்டாம். ஒரு மனிதன் பூச்சியாக மாறிவிடும் எழுத்தாளர் காஃப்காவின் உருமாற்றக் கதையை அசைவூட்டக் கலைஞர் கரோலின் லீஃப் 1977இல் ஒளியூட்டிய கண்ணாடியின்மேல் மணலைக் கொண்டு அசைவூட்டினார். காட்சி வெட்டு இல்லாமலேயே ஒரு வடிவம் மற்றொன்றாகக் கரைவதால் உருமாற்றம் என்பது அங்கே கதைப்பொருளாக மட்டுமன்றி நுட்பமாகவும் இருக்கிறது. இத்தாலியக் கவிஞர் தாந்தேயை முன்வைத்து அமெரிக்க இயக்குநர் ஸ்டான் பிராக்கேஜ் 1987இல் முடித்த மௌனப் படத்தில் கதையும் இல்லை, மாந்தரும் இல்லை. படச்சுருளில் கையால் தீட்டிய வண்ணங்களே உள்ளன. அதை வியப்பது எளிது, விவரிப்பது கடினம். ஆகவே நிறங்களின் அடர்த்தியையும் வேகத்தையும் சொற்களில் பிடிக்கப் பழகாதவர்கள் தேர்வில் அதைத் தொடாதிருப்பதே நல்லது.

தேர்வறையில் படம் கையில் இருக்காது என்பதால், ஒவ்வொன்றிலும் இரண்டு ஷாட்களையாவது சட்டகத்தின் அமைப்போடும் ஒலியோடும் எழுதிப் பழகுங்கள். ஒலியைப் பற்றி எழுதும்போது, 1928ஆம் ஆண்டுப் படத்தின் பிரதிகளில் கேட்கும் இசை பின்னாளில் சேர்க்கப்பட்டது என்பதை நினைவில் வைத்து, அதை இயக்குநர்களின் தேர்வாகக் கொண்டு வாதிடாதீர்கள்.