இன்டெல் 4004 கையேட்டைப் படித்துப் புரிந்துகொண்ட கதை

1971-இல் வந்த 4004-ஐ 'முதல் மைக்ரோபிராசசர்' என்று எல்லாருக்கும் தெரியும். அது உள்ளே எப்படி வேலை செய்கிறது என்று அதன் கையேட்டிலிருந்தே தெரிந்துகொள்ள ஆசைப்பட்டு உட்கார்ந்தேன். கட்டளைகள் மொத்தம் 46தான். சீக்கிரம் முடிந்துவிடும் போலத் தோன்றும். ஆனால் அந்தக் கையேடு ஒரு சிப்பைப் பற்றியது இல்லை. ராமுக்கு (எழுதவும் படிக்கவும் முடிகிற நினைவகம்) 4002, ரோமுக்கு (கட்டளைகள் நிரந்தரமாகப் பதிந்திருக்கும், படிக்க மட்டும் முடிகிற நினைவகம்) 4001, ஷிஃப்ட் ரெஜிஸ்டருக்கு (பிட்டுகளை ஒவ்வொன்றாக நகர்த்தும் சிப்) 4003 என்று ஒரு குடும்பத்தையே பேசுகிறது.

4004-க்கு வெளியே இணைக்க 16 கால்கள் (பின்கள்) மட்டுமே. பின்னாளில் வந்த இன்டெல் 8085 சிப்பைப் படித்தவர்களுக்கு முகவரியும் தரவும் ஒரே கம்பியில் மாறிமாறிப் போவது பழக்கம்தான். இங்கே எல்லாமே நான்கு கம்பிகளில் போக வேண்டும். 12 பிட் முகவரி மூன்று கடிகாரத் துடிப்புகளில் வெளியே போகும், கீழ் நான்கு பிட் முதலில். அடுத்த இரண்டில் கட்டளை உள்ளே வரும். கடைசி மூன்றில் வேலை நடக்கும். ஆக எட்டுத் துடிப்பு, சுமார் 10.8 மைக்ரோ நொடி.

என்னை ரொம்ப நாள் நிறுத்தி வைத்தது ராமில் எழுதும் இடம். முதலில் எஸ்ஆர்சி (SRC) என்ற கட்டளை, ராமில் எந்த இடம் என்ற முகவரியை அனுப்புகிறது. 4004-இன் உள்ளே இருக்கும் ரெஜிஸ்டர் ஜோடியில் (இரண்டு நான்கு-பிட் சேமிப்பிடங்கள்) 0010 0101 இருந்தால் ராமில் சிப் 0, அதில் ரெஜிஸ்டர் 2, அதில் எழுத்து (நான்கு பிட் கொண்ட ஓர் இடம்) 5. சரி. அப்புறம் வருகிற, ராமில் எழுதுவதற்கான டபிள்யூஆர்எம் (WRM) கட்டளையில் முகவரியே இல்லை. அது எழுதச் சொல்கிறதா, படிக்கச் சொல்கிறதா என்று 4002-க்கு யார் சொல்வது? எழுது, படி என்று தனிக் கம்பியும் கிடையாது.

ஒரு தாளில் எட்டுக் கட்டம் போட்டு, சிப்புக்கு ஒரு வரிசையாக, எந்தத் துடிப்பில் எது நடக்கிறது என்று காட்டும் நேரப் படத்தை நானே வரைந்தேன். விடை ஐந்தாவது கட்டத்தில் இருந்தது. ரோமிலிருந்து கட்டளையின் பின்பாதி வரும் அதே துடிப்பில், ராம் சிப்புகளைக் கவனிக்கச் சொல்லும் சிஎம்-ராம் (CM-RAM) கம்பியை 4004 தட்டுகிறது. அந்த நான்கு பிட்டை 4002-உம் எடுத்துக்கொள்கிறது. 0000 என்றால் எழுது, 1001 என்றால் படி. கட்டளையைப் புரிந்துகொள்ளும் வேலையில் பாதியை நினைவகச் சிப்பே செய்கிறது! எவ்வளவு அழகான சிக்கனம்.

இதைப் படிக்கப் போகிறவர்கள் கட்டளைப் பட்டியலுக்கு முன்னால் நேரப் படத்தை எடுங்கள். ஒன்றை மட்டும் நினைவில் வையுங்கள்: இது எதிர்மறை லாஜிக். மின்னழுத்தம் கீழே இறங்கினால்தான் 1.