குட்டைப் பிடி களைக்கொத்து

இரண்டு நாளாக ஒரு களைக்கொத்து மனசை விட்டுப் போகவில்லை. பிடி அவ்வளவு குட்டை. கலிபோர்னியாவின் லெட்டூஸ் வயல்களில் மெக்சிகோ தொழிலாளிகள் நாள் முழுக்க அதோடு குனிந்தே கிடந்தார்கள். யாராவது நிமிர்ந்தால் மேஸ்திரிக்குத் தூரத்திலிருந்தே தெரிந்துவிடும். முதுகு போனவர்கள் ஏராளம். 1975-இல்தான் அங்கே தடை வந்தது.

1942 முதல் 1964 வரை அமெரிக்கா ஒப்பந்தம் போட்டு மெக்சிகோவிலிருந்து அழைத்த தொழிலாளிகளுக்கு 'பிராசெரோ' என்று பெயர். ஸ்பானிஷில் 'பிராசோ' என்றால் கை. போர்க்காலத்தில் ரயில் பாதை வேலைக்கும் வந்தார்கள். அப்புறம், ஆரம்ப வருடங்களில் சேமிப்பு என்று சொல்லிச் சம்பளத்தில் 10 சதவீதம் பிடித்தார்கள். ஊர் திரும்பிய பலருக்கு அந்தப் பணம் வரவே இல்லை. கிழவர்களான பிறகும் அதைக் கேட்டுத் தெருவில் நின்றார்கள். எனக்கு அதுதான் ஆறவில்லை.