இரண்டு கோப்பைச் சோறு

ஸ்பானிய உள்நாட்டுப் போரைப் பின்னணியாகக் கொண்ட வரலாற்றுப் புனைகதைகளை நான் தேடித் தேடி வாசிப்பது போர்க்களக் காட்சிகளுக்காக அல்ல, பிரிந்துபோன பிள்ளைகளுக்கு நடுவில் நிற்கும் தாய்மாருக்காகவே.

1936 ஜூலையில் ஸ்பெயினின் குடியரசு அரசுக்கு எதிராக இராணுவக் கிளர்ச்சி வெடித்தபோது, ஒருவர் எந்தப் பக்கம் என்பதைப் பல வீடுகளில் கொள்கையைவிட அன்று அவர் நின்ற ஊரே தீர்மானித்தது. கவிஞர் மனுவேல் மச்சாதோ அவ்வேளையில் கிளர்ச்சியாளர் வசமான பூர்கோஸ் நகரில் இருந்தார். பின்னர் அவர்களையே புகழ்ந்து பாடினார். குடியரசின் பக்கம் நின்ற தம்பி அந்தோனியோ, 1939 ஜனவரி இறுதியில் முதிய தாயுடன் எல்லையைக் கடந்து, பிரான்சின் கொலியூர் என்ற கடலோர ஊரில் ஒதுங்கினார். பெப்ரவரி 22இல் அவர் இறந்தார். மூன்றாம் நாள் தாயும் போய்ச் சேர்ந்தார். அந்தோனியோவின் மேலங்கிப் பையில், சிறுவயது வெயிலைப் பற்றிய ஒரு வரியோடு கசங்கிய தாளொன்று கிடந்தது. தம்பியின் சாவை அறிந்து கொலியூருக்குப் போன மனுவேலுக்குத் தாயின் சாவு அங்கேதான் தெரியவந்தது.

மட்டக்களப்பில் இருந்துகொண்டு இதை வெறும் அயல்நாட்டுக் கதையாக என்னால் வாசிக்க முடிவதில்லை. 2004 ஏப்ரலில் வெருகல் ஆற்றங்கரையில் நேற்றுவரை விடுதலைப் புலிகள் இயக்கத்தில் ஒன்றாக நின்றவர்களே எதிரெதிராகச் சுட்டுக்கொண்ட நாட்களில், எங்கள் ஒழுங்கையில் ஒரு பெரியம்மா, இரு பக்கமும் போயிருந்த தன் மகன்மாருக்காக இரவில் இரண்டு கோப்பைகளில் சோறு போட்டு மூடிவைப்பார். யார் சரி என்று இறுதி அத்தியாயத்தில் தீர்ப்புச் சொல்லும் நாவல்கள், அந்த இரண்டாவது கோப்பையைக் காணாமலே முடிந்துவிடுகின்றன.