கெய்ரோ தங்கப் பதக்கம்

ஹாரி பாட்டர் உலகத்தில் விருது என்றாலே எல்லாரும் ஆர்டர் ஆஃப் மெர்லினைத்தான் சொல்வார்கள். எனக்கு அதன் மேல் பெரிய மரியாதை இல்லை. அடுத்தவன் செய்த சாகசத்தைத் தன்னுடையது என்று எழுதிப் புத்தகம் போட்டு, அவன் நினைவையும் அழித்துவிட்டுப் போன லாக்ஹார்ட்டிடமே அதில் மூன்றாம் வகுப்பு இருக்கிறது. பீட்டர் பெட்டிக்ரூவுக்கு முதல் வகுப்பு, அதுவும் வீர மரணத்துக்காக! ஆசாமி சாகவே இல்லை, எலியாக மாறி ஹாரியின் நண்பன் ரான் வீட்டில் சௌக்கியமாகத் தின்றுகொண்டிருந்தான்.

என் ஓட்டு வேறு ஒன்றுக்கு. பின்னாளில் ஹாரியின் மந்திரப் பள்ளிக்குத் தலைமை ஆசிரியரான டம்பிள்டோர், பதினெட்டு வயதுகூட ஆகாதபோதே கெய்ரோவில் நடந்த சர்வதேச ரசவாத மாநாட்டில் தங்கப் பதக்கம் வாங்கியிருக்கிறார். ஏழாம் புத்தகத்தில் ஒரே வரி, அதுவும் அவர் பெயரைக் கெடுக்கவே ரீட்டா ஸ்கீட்டர் என்ற வம்புப் பத்திரிகையாளர் எழுதிய வாழ்க்கை வரலாற்றில். ரசவாதத்தின் பழைய வேர்கள் எகிப்தில்தான் என்பதால் ஊர்த் தேர்வும் பொருத்தம். பள்ளிக்கூடப் பையனாக இருக்கும்போதே ரசவாதி நிக்கோலா ஃபிளமெலோடு கடிதப் போக்குவரத்து வேறு (ஃபிளமெல் நிஜ மனிதர், 1418இல் இறந்தவர், 1407இல் அவர் கட்டிய வீடு பாரிஸில் இன்னும் நிற்கிறது).

சரி, அந்த மாநாட்டில் என்னதான் கட்டுரை வாசித்தார்? ரோலிங் அங்கே மூச்சு விடவில்லை, அதுதான் எரிச்சல். சாக்லேட் தவளை மிட்டாயோடு கிடைக்கும் அட்டையில் அவர் கண்டுபிடிப்பாக வரும் டிராகன் ரத்தத்தின் பன்னிரண்டு பயன்கள் அங்கேதான் ஆரம்பித்திருக்கும் என்று எனக்கு ஒரு சந்தேகம். வேறு யூகம் இருந்தால் சொல்லுங்கள்.