ஏர் ரைஃபிளுக்குப் பூவரசங்கட்டையில் புதுப் பிடி

பத்து மீட்டர் போட்டிக்கு வரும் அலுமினிய ஸ்டாக் (துப்பாக்கியின் உடற்கட்டை) உள்ள ஏர் ரைஃபிள்களில் கைப்பிடி தனித் துண்டு. பெரும்பாலும் அடியிலிருந்து ஏறும் ஒரே ஓர் ஆலன் போல்ட்தான். அதைக் கழற்றினால் பிடி கையோடு வந்துவிடும். கூட வரும் பிடி வால்நட் மரத்தில், பெரிய கைக்கென்று வெட்டியது. எட்டாவது ஒன்பதாவது படிக்கிற பிள்ளைகள் பிடித்தால் ஆட்காட்டி விரலின் நுனி மட்டும் ட்ரிகரை எட்டும். எட்டவேண்டும் என்பதற்காக உள்ளங்கையைச் சுற்றிக் கொண்டுபோவார்கள், மணிக்கட்டு கோணும், இழுவை நேராகப் பின்னால் வராமல் பக்கவாட்டில் போகும். பத்தாம் வளையம் என்பது குறுக்களவு அரை மில்லிமீட்டர் புள்ளி. அதைத் தவறவிட இந்தக் கோணலே போதும்.

சின்னக் கைக்கு ஒரு பிடியை, பாளையங்கோட்டை மர வாடியில் எடுத்த கட்டையில், வீட்டில் இருக்கும் கருவிகளை வைத்தே செய்து பார்த்த விவரம் இது. தொட்டது மரத்தை மட்டும். ட்ரிகர் பெட்டி, வால்வு, குழல் எதிலும் கை வைக்கவில்லை, வைக்கவும் கூடாது.

கழற்றும் முன் காற்றுச் சிலிண்டரைத் திருகி எடுத்துத் தனியே வைக்கவேண்டும். பிறகு லிவரைத் திறந்து குழலில் பெல்லட் இல்லை என்று கண்ணால் பார்த்து, குழல் காலி என்று காட்டும் பாதுகாப்புக் கயிற்றைக் குழல் முழுக்க ஓட்டிவிட்டுத்தான் ஆலன் சாவியை எடுக்கவேண்டும். 4.5 மி.மீ. குழலும் 20 ஜூலுக்குக் குறைந்த ஆற்றலும் உள்ள ஏர் ரைஃபிளுக்கு 2016-ம் ஆண்டு ஆயுத விதிகளின்படி உரிமம் வேண்டாம். உரிமம் வேண்டாம் என்பதால் கொக்கையும் நாரையையும் குறிபார்க்கலாம் என்று எவனாவது நினைத்தால் 1972-ம் ஆண்டு வனவுயிர்ச் சட்டம் இருக்கிறது. கூந்தன்குளத்துப் பக்கம் இதைச் சொல்லவே வேண்டாம், அங்கே ஊரே பறவைக்குக் காவல்.

மரத்துக்கு வருவோம். வால்நட்டுக்கு ஈடாக இங்கே எதை எடுப்பது என்பதில்தான் பேச நிறைய இருக்கிறது. தேக்கு என்றுதான் எல்லோர் வாயிலும் முதலில் வரும். ஆனால் தேக்கில் மெல்லிய ஓரங்கள் செதிலாகப் பெயரும், எண்ணெய்ப்பசை இருப்பதால் எப்பாக்சி சரியாகப் பிடிக்காது, உளியும் சீக்கிரம் மழுங்கும். கருவேலம் அரிவாள் கைப்பிடிக்கும் கலப்பைக்கும் ஆகிற மரம், உறுதியில் ஒரு குறையும் இல்லை. ஆனால் கனம், காயும்போது வெடிக்கும், அரத்துக்கு லேசில் மசியாது. வாகையை இழைத்தால் தூசி மூக்கில் ஏறித் தும்மல் நிற்காது. வேம்பில் நார் முன்னும் பின்னுமாகப் புரண்டு கிடக்கும். வளைவில் எந்தப் பக்கம் உளி வைத்தாலும் பிய்க்கும். அம்பாசமுத்திரத்துச் சொப்புச் சாமான் கடைசலுக்கு முன்பெல்லாம் எடுத்த மஞ்சள் கடம்பு நெருக்கமான நாருள்ள அருமையான மரம். முற்றிய கட்டை கிடைத்தால் யோசிக்காமல் எடுக்கலாம், ஆனால் கிடைப்பதுதான் அரிது.

பூவரசு அப்படியில்லை. வாய்க்கால் கரையிலும் தோட்டத்து வேலியிலும் நிற்கிற மரம், வண்டிச் சக்கரத்துக்கு எடுத்த மரம். வைரம், அதாவது முற்றிய உள்மரம், சிவப்புக் கலந்த கரும்பழுப்பில் இருக்கும். காய்ந்தபின் கன சென்டிமீட்டருக்கு ஏறக்குறைய 0.65 கிராம், வால்நட்டும் கிட்டத்தட்ட அதே கனம்தான். வெளிச்சுற்று வெள்ளைப் பகுதி மட்டும் ஆகாது, வண்டு துளைத்துவிடும். வாடியில் கேட்டு வாங்கவேண்டியது வைரம் மட்டும் உள்ள, மரத்தின் நடுமையம் ஓடாத, முடிச்சில்லாத துண்டு. அளவு 140 × 100 × 65 மி.மீ. நார் 140 மி.மீ. நீளத்தில் ஓடவேண்டும்.

இந்த நார் ஓட்டத்தில் விட்டுக்கொடுக்கவே கூடாது. மரம் நாருக்குக் குறுக்கேதான் சுருங்கும், விரியும். நாரோட்டத்தில் அசைவு மிகக் குறைவு. போல்ட் பிடியின் நீளவாட்டில் இறுக்குவதால், நாரும் அதே திசையில் ஓடினால் கோடையில் மரம் சுருங்கினாலும் போல்ட் தளராது. குறுக்கு நாரில் வெட்டினால் ஐப்பசியில் இறுக்கியது சித்திரையில் ஆடும். இன்னொரு காரணமும் உண்டு. பெருவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் நடுவில் உள்ள கவை உட்காருகிற மேல்முனை மெல்லிய மூக்குபோல நீண்டிருக்கும்; நார் அங்கே குறுக்கே வந்தால், ஒருமுறை கீழே விழுந்தாலே அந்த மூக்கு உடைந்துவிடும்.

உலர்த்தலை அவசரப்படுத்தினால் எல்லாம் வீண். ஆனி ஆடியில் கணவாய் வழியாக இறங்கும் மேல்காற்று குற்றாலத்தில் சாரலைக் கொட்டிவிட்டுப் பாளையங்கோட்டைக்கு வறண்டுதான் வருகிறது. அந்தக் காற்று படுகிற இடத்தில் வைத்த கட்டையின் முனை வெடிக்காமல் இருக்காது, ஏனென்றால் நாரின் திறந்த வாய் வழியே ஈரம் மற்ற பக்கங்களைவிடப் பல மடங்கு வேகமாக வெளியேறும். இரண்டு முனைகளிலும் உருக்கிய மெழுகைத் தடவி, வீட்டுக்குள் நிழலில், இரண்டு குச்சிகள் மேல் வைக்கவேண்டும். காய்ந்துவிட்டதா என்பதைச் சமையலறைத் தராசு சொல்லும். வாரம் ஒருமுறை எடை போட்டுக் கட்டையிலேயே பென்சிலால் எழுதி வைத்தால், மேலே சொன்ன அளவுக் கட்டை 600 கிராமுக்குப் பக்கத்தில் வந்து இறங்காமல் நிற்கும். அப்புறம்தான் வேலை.

மரம் காய்கிற இடைவெளியில் கைக்கு உருவம் எடுத்துவிடலாம். பழைய பிடியின் மேல் மெல்லிய பாலித்தீன் சுற்றி, அதன்மேல் பிள்ளைகள் விளையாடும் எண்ணெய்க் களிமண்ணை அப்பி, சுடுகிறவரை நிற்கும் நிலையில் நிற்கவைத்துப் பிடிக்கச் சொல்லவேண்டும். உட்கார்ந்துகொண்டு எடுத்த உருவம் பயன்படாது, மணிக்கட்டின் கோணமே வேறு. காருகுறிச்சிப் பக்கம் கிடைக்கும் பானைக் களிமண்ணும் உருவம் நன்றாகப் பிடிக்கும், ஆனால் மின்விசிறிக் காற்றிலேயே காய்ந்து விரியும். எடுத்த அன்றே அளந்துவிட வேண்டும். பழைய பிடி பெரிதாக இருந்தால் களிமண் சேர்ப்பது உதவாது, அதை முதலில் தேய்க்கவேண்டியிருக்கும். அதற்குப் பதில் ஒரு துண்டு முருங்கைக் கட்டையை ஒல்லியாகச் செதுக்கி உள்ளே வைத்துக்கொண்டால் பழைய பிடி சேதமில்லாமல் தப்பும்.

அளக்கவேண்டியது ஒன்றே ஒன்று: கவை உட்காரும் இடத்திலிருந்து ட்ரிகர் தகடு வரை உள்ள தூரம். ட்ரிகர் தகடு முன்பின் நகரக்கூடியது; அதை நடுவில் நிறுத்திவிட்டு அளந்தால் பிறகு இரு பக்கமும் நகர்த்த இடம் இருக்கும். பழைய பிடியில் 74 மி.மீ., புதியதில் 66. முதல் கணுவுக்கு முன்னால் உள்ள விரல் சதையின் நடு தகட்டில் பட்டு, விரல் குழலுக்கு இணையாக நிற்கவேண்டும். ட்ரிகர் விரலின் அடிப்பகுதிக்கும் மரத்துக்கும் இடையில் ஓர் அட்டை நுழைகிற இடைவெளி கட்டாயம். விரல் மரத்தில் உரசினால் விசையை இழுக்கும்போதே ரைஃபிள் தள்ளப்படும்.

இனி வெட்டு. முதலில் துளை, அப்புறம்தான் உரு. இதை மாற்றிச் செய்தால் வளைந்த கட்டையைக் கிளாம்பில் நேராக நிறுத்தவே முடியாது. கட்டை சதுரமாக இருக்கும்போதே மேல்தளத்தை இழைத்து, ஸ்டாக்கில் பிடி சாயும் கோணத்துக்குச் சரிவாக்கி, துளையின் மையத்தை மேலும் கீழும் குறித்து, இரண்டு பக்கத்திலிருந்தும் துளையிட்டு நடுவில் சந்திக்கவைக்கவேண்டும். ஒரே பக்கத்திலிருந்து போட்டால் பிட் நாரைத் தொடர்ந்து ஓடி, மறுபக்கம் இரண்டு மூன்று மில்லிமீட்டர் தள்ளி வெளிவரும். எம்6 போல்ட்டுக்கு 6.5 மி.மீ. துளை. போல்ட் தலை 10 மி.மீ., வாஷர் 12 மி.மீ., ஆகவே அடியில் 13 மி.மீ. குழி. அந்தக் குழியை 6.5 துளைக்கு முன்பே போட்டுவிடவேண்டும்; பின்னால் போட்டால் பெரிய பிட்டுக்கு மையம் பிடிக்க மரம் இருக்காது.

போல்ட்டின் நீளம்தான் ஆபத்தான இடம். பழைய பிடியில் போல்ட் மேலே எத்தனை மில்லிமீட்டர் நீட்டிக்கொண்டிருந்ததோ அதே அளவுதான் புதியதிலும் நீட்டவேண்டும். குறைந்தால் புரி அலுமினியத்தைப் பிய்த்துக்கொண்டு வந்துவிடும். கூடினால் முனை உள்ளே போய் முட்டும். முட்டினால் கைக்கு இறுகியதுபோலத் தெரியும், ஆனால் பிடி ஆடும். சில மாடல்களில் ட்ரிகர் பெட்டி நேர் மேலே இருக்கிறது என்பதை மறக்கவேண்டாம். நீளம் கூடினால் குழிக்குள் இன்னொரு வாஷர் போட்டுச் சரிக்கட்டலாம்.

மேல்தளம் அலுமினியத்தில் முழுதாக உட்காரவேண்டும். மேடு எங்கே என்று பார்க்கக் கடைத்தெருவில் தனிச் சாயம் தேடி அலையவேண்டாம், கண்மை போதும். அலுமினியத்தில் மெலிசாகத் தடவி, பிடியை வைத்து லேசாக இறுக்கிக் கழற்றினால் மரத்தில் கறுப்புப் பட்ட இடமெல்லாம் மேடு. அதை மட்டும் உளியால் சுரண்டி மறுபடி வைக்கவேண்டும். முக்கால்வாசித் தளம் கறுப்பானதும் போதும், மீதியை எப்பாக்சி பார்த்துக்கொள்ளும். அலுமினியத்தில் மெழுகைத் தேய்த்து, திருகுத் துளையைக் களிமண்ணால் அடைத்து, மரத்தில் அரால்டைட் எப்பாக்சியை மெலிசாகப் பூசி, பிடியை வைத்து போல்ட்டை விரல் பலத்துக்கு மட்டும் திருகி ஓர் இரவு விடவேண்டும். ஐந்து நிமிடத்தில் இறுகும் வகை நெல்லை வெயிலில் கலக்கும்போதே கெட்டியாகிவிடும். மெதுவாக இறுகும் வகைதான் சரி. மெழுகு விட்டுப்போன இடத்தில் மரமும் அலுமினியமும் ஒன்றாகிவிடும் என்பதால் மெழுகில் கஞ்சத்தனம் கூடாது.

உருவாக்கத்தில் பெரிய ரம்பம் ஓரங்களை எடுக்கும், முரட்டு மர அரம் உருவத்தைக் கொண்டுவரும், அரைவட்ட அரம் வளைவுகளைச் சீராக்கும். எப்போதும் இரண்டு மில்லிமீட்டர் மிச்சம் வைத்துவிட்டு ரைஃபிளில் மாட்டிப் பிடிக்கவைத்துப் பார்க்கவேண்டும். விரல்களுக்குப் பள்ளம் பள்ளமாகச் செதுக்குவது பார்க்க அழகு, பயன் கிடையாது. பிள்ளைகளின் கை ஒரே வருடத்தில் வளரும். பள்ளத்து வரப்பு விரல்களுக்கு நடுவில் குத்த ஆரம்பிக்கும். முன்பக்கம் வெறும் உருண்டையாகவும், உள்ளங்கை நிறைய ஒரு மேடு பக்கவாட்டிலும் இருந்தால் எந்தக் கைக்கும் ஒத்துவரும்.

சர்வதேசத் துப்பாக்கிச் சுடுதல் கூட்டமைப்பின் விதிகளும் இங்கே குறுக்கே வரும். கைக்கேற்ற உருவம் அனுமதிக்கப்பட்டது, ஆனால் பிடி குழலின் மையத்திலிருந்து பக்கவாட்டில் 60 மி.மீ. தாண்டக்கூடாது. பெருவிரலைத் தாங்கும் திட்டு, கை நழுவாமலிருக்க முன்னாலோ பக்கத்திலோ நீட்டிய புடைப்பு இரண்டும் கூடாது. வழுக்காத டேப், ரப்பர் என்று எதையும் ஒட்டவும் கூடாது. வியர்வைக்கு வேறு வழி பார்க்கவேண்டியதுதான்.

அந்த வழி உப்புத்தாளை எங்கே நிறுத்துவது என்பதில் இருக்கிறது. 80, 120, 180 எண் தாள்கள், அவ்வளவுதான். 400 வரை ஏறினால் கண்ணாடிபோல இருக்கும், சித்திரை மாதத்து வியர்வையில் மீன்போல நழுவும். உள்ளங்கை படும் இடத்தில் மழுங்கலாகக் கூராக்கிய ஆணியைச் சிறு சுத்தியால் தட்டி நெருக்கமாகப் புள்ளி வைத்தால் மரமே பிடித்துக்கொள்ளும். புள்ளிகளை வரிசையில் வைத்தால் நார் பிளக்கும், தாறுமாறாகத்தான் வைக்கவேண்டும்.

மேல்பூச்சுக்கு வார்னிஷ் வேண்டாம், வியர்வை பட்டுத் தோலாக உரியும். பாயில்ட் லின்சீட் ஆயிலை டர்பன்டைனுடன் சரிபாதி கலந்து முதல் கை, பிறகு எண்ணெய் மட்டும் மெலிசாக இரண்டு கை. ஒவ்வொரு முறையும் கால்மணி நேரத்தில் மிச்சத்தை முழுக்கத் துடைத்துவிட்டு ஒரு நாளாவது காயவிடவேண்டும். துடைக்காமல் விட்டது பிசுபிசுப்பாகவே நிற்கும். தேங்காய் எண்ணெய் காயவே காயாது, சிக்கு வாடை அடிக்கும். துடைத்த துணியைச் சுருட்டி மூலையில் போடுவது இந்த வேலையிலேயே பெரிய ஆபத்து: லின்சீட் காயும்போது சூடு வரும், சுருட்டிய துணி தானாகவே தீப்பிடிக்கும். வெளியே விரித்துக் காயப்போடவேண்டும், அல்லது தண்ணீரில் முக்கிவைக்கவேண்டும்.

முடிந்த பிடி 210 கிராம் நின்றது. ரைஃபிளின் மொத்த எடை 5.5 கிலோவைத் தாண்டக்கூடாது என்பதால் மாட்டியபின் முழுசாக ஒருமுறை தராசில் ஏற்றிப் பார்க்கவேண்டும். எம்6 ஆலன் போல்ட்டுக்கு 5 மி.மீ. சாவி, அதன் குட்டைக் கையைப் பிடித்து இறுக்குகிற பலமே போதும். நீளக் கையால் இறுக்கினால் வாஷர் மரத்துக்குள் அமுங்கும்.

சோதனைக்குப் பெல்லட் தேவையில்லை. ட்ரிகரை வெற்றுச் சுடுதல் நிலையில் (பெல்லட் இல்லாமல் விசை மட்டும் இயங்கும் நிலை) வைத்து, வெள்ளைச் சுவரைப் பார்த்து விசையை விடும்போது குழல் முனையில் உள்ள முன்குறி வளையம் எந்தப் பக்கம் துள்ளுகிறது என்று கவனிக்கவேண்டும். வலக்கைக்காரருக்கு இடப்பக்கம் துள்ளினால் விரல் நுனியால் தள்ளுகிறார், கவை இன்னும் முன்னே வரவேண்டும்; வலப்பக்கம் துள்ளினால் விரல் அதிகம் உள்ளே போயிருக்கிறது அல்லது மரத்தில் உரசுகிறது. மேலே துள்ளினால் பெரும்பாலும் உள்ளங்கையின் அடி தள்ளுகிறது, அங்கே அரை மில்லிமீட்டர் எடுத்தால் போதும். எடுத்த இடத்தில் 180 உப்புத்தாள், மறுபடி ஒரு கை எண்ணெய்.

இந்தப் பிடியில் இனி பாக்கி ஐப்பசி மழைதான். ஈரம் ஏறியதும் மேல்தளத்தில் மறுபடி கண்மை தடவிப் பார்க்கவேண்டும், தேவையென்றால் போல்ட்டைக் கால் சுற்று தளர்த்தி இறுக்கவேண்டும்.