கிம் ஜீ-வூன்: படத்துக்குப் படம் வேறு பாதை

கொரிய இயக்குநர் கிம் ஜீ-வூனின் முதல் படம் 'தி கொயட் ஃபேமிலி' (1998). மலை விடுதிக்கு வருபவர்கள் ஒவ்வொருவராகச் சாக, அதை நடத்தும் குடும்பம் பிணங்களைப் புதைத்துக்கொண்டே இருக்கும். அடுத்தது, வங்கி ஊழியர் மல்யுத்த மேடையேறும் 'தி ஃபௌல் கிங்' (2000).

என்னைக் கேட்டால் உச்சம் 'எ டேல் ஆஃப் டூ சிஸ்டர்ஸ்' (2003) தான். கரு பழைய நாட்டுப்புறக் கதை. ஆனால் பேயைவிட வீடுதான் மிரட்டுகிறது. சுவரெங்கும் அடர்ந்த பூப்போட்ட தாள், மூச்சு முட்டும் அறைகள். முதல்முறை குழப்பும். இரண்டாம்முறை அப்பா யாருடன் பேசுகிறார், யாருடன் பேசவில்லை என்பதை மட்டும் கவனியுங்கள். முடிச்சு அவிழும்.

பிறகு நிழலுலகப் படம் (2005), மஞ்சூரியாவில் நடக்கும் குதிரையும் துப்பாக்கியுமான சாகசம் (2008), பழிவாங்கலின் கொடூரம் (2010) என்று மூன்று திசைகள். மூன்றிலும் நடிகர் லீ ப்யுங்-ஹன் இருக்கிறார், மூன்று வேறு மனிதர்களாக.

சறுக்கலும் உண்டு. ஜப்பானிய அனிமேஷனைத் தழுவிய 'இல்லாங்' (2018) மூலத்தின் இரக்கமற்ற முடிவை மென்மையாக்கியது. கதையின் முதுகெலும்பே போனது. அதற்கு முந்தைய 'தி ஏஜ் ஆஃப் ஷேடோஸ்' (2016) படத்தின் ரயில் காட்சிகளை அவசியம் பாருங்கள். யார் உளவாளி என்ற பதற்றத்தைப் பெட்டி பெட்டியாக ஏற்றுகிறார்.