பணம் எந்தக் காட்சிக்கு?

சிங்கப்பூரில் தமிழ்த் தொலைக்காட்சி நாடகத்துக்கு எழுத வருகிறவர்களிடம் நான் முதலில் கேட்பது, "எந்தக் காட்சியை விட்டுக்கொடுக்க மாட்டீர்கள்?" என்றுதான்.

இங்குள்ள தமிழ்த் தொலைக்காட்சியான வசந்தம் 2008 அக்டோபரில் தனி ஒளிவழியானது. அதற்கு முன் சென்ட்ரல் ஒளிவழியில் தமிழுக்குக் கொஞ்ச நேரம்தான். நாடகங்களுக்கு இடம் கூடிய அந்தச் சமயத்தில்தான் நானும் எழுத வந்தேன். அப்புறம் தயாரிப்பும் கைக்கு வந்தது.

"மழை பெய்கிறது" என்று ஒரு வரி எழுதிவிடலாம். தயாரிப்பாளருக்கு அது தண்ணீர் லாரி, நனைந்தால் மாற்ற இன்னொரு செட் உடை. நிஜ மழையை நம்பவும் முடியாது. டிசம்பரில் நாள் முழுக்கக் கொட்டும். மற்ற மாதங்களில் மத்தியானம் இடியோடு வந்து சட்டென்று நின்றுவிடும், முந்திய ஷாட்டோடு அடுத்தது ஒட்டாது.

மழையைவிடப் பெரிய தலைவலி சத்தம். யீஷூனில் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடியின் கீழ்த்தளம். வேலை போனதை அப்பா மகளிடம் சொல்ல வேண்டிய காட்சி. நகர மன்றத்திடம் அனுமதி வாங்கியாயிற்று, வெளிச்சமும் சரி. ஆனால் அங்கே எம்ஆர்டி ரயில் தரைக்கு மேலே ஓடுகிறது. வசனம் பாதியில் இருக்கும்போது ரயில் வரும். கடைசியில், ரயில் வந்ததும் அப்பா பேச்சை நிறுத்துவார், போனதும் மீதியைச் சொல்வார் என்று அங்கேயே மாற்றி எழுதினேன். அந்த இடைவெளியில் நடிகர் தன் பையின் ஜிப்பை இழுத்து இழுத்து மூடினார். நான் எழுதிய வசனத்தைவிட அது அதிகம் பேசியது.

அவ்வளவு நேரம் அங்கே நிற்க முடிந்ததற்குக் காரணம், கல்யாண மண்டபக் காட்சியை ஒரு தொலைபேசிப் பேச்சாகச் சுருக்கியிருந்தோம். இங்கே சந்தை சின்னது. குடியிருப்பாளர்களில் இந்தியர் சுமார் 9 விழுக்காடு, அதிலும் எல்லாரும் தமிழர் அல்லர். பொதுச்சேவை ஒளிபரப்புக்கு அரசாங்கம் தரும் நிதி இல்லாமல் தமிழ் நாடகம் நிற்காது. அளவாக வரும் பணத்தை எல்லாக் காட்சிக்கும் சமமாகப் பங்குபோட்டால் ஒன்றுகூட மனதில் நிற்காது.

பட்ஜெட் தாளைக் காட்டினால், "அது நம்ம வேலை இல்லையே" என்கிறார்கள் இளம் எழுத்தாளர்கள். நம் வேலைதான். அதைப் படிக்கத் தெரிந்தவர்தான் மண்டபத்தை விட்டுக்கொடுத்துக் கீழ்த்தளத்துக்கு முழு நாள் கேட்க முடியும். நாம் கேட்காவிட்டால் வேறு யாராவது வெட்டுவார்கள். அவர்கள் கை முதலில் போவது, இரண்டு பேர் சும்மா உட்கார்ந்திருக்கும் காட்சிக்குத்தான்.